நீளும் நிழல்கள்

அந்திப் பொழுது மனிதரை எளிதில் கலங்கச் செய்கிறது. பகல் முடிந்தது என்பதைவிட, அது திரும்பி வராது என்பதே அக்கலக்கத்தின் காரணம். கழிந்த காலம் நம்மிடமிருந்து பறிக்கப்பட்டதா? அல்லது நமக்காக ஏதேனும் செய்துவிட்டுச் சென்றதா?

இவ்வினாவை ஒரு சொல்லும் பேசாமல் எழுப்பும் குறும்படம் ஒன்று உண்டு. நெதர்லாந்து நாட்டில் பிறந்த மைக்கேல் டுடோக் டி விட் 2000-ஆம் ஆண்டில் ஓவியங்களை அசையச் செய்து உருவாக்கிய ‘தந்தையும் மகளும்’ என்பதே அது. 2001-இல் ஆஸ்கர் விருதும் பெற்றது.

ஏறத்தாழ எட்டு நிமிடங்களே ஓடும் அப்படத்தின் கதை எளியது. கரைமேல் தன் சிறுமகளை அணைத்து விடைபெறும் தந்தை படகேறிச் செல்கிறார்; திரும்பவில்லை. அவள் மிதிவண்டியில் அக்கரைமேட்டுக்கு வந்து வந்து பார்க்கிறாள். தோழியரோடு வருகிறாள், கணவனோடும் குழந்தைகளோடும் வருகிறாள், முதுமையில் தனியே வருகிறாள். நிலமெங்கும் நிழல்கள் நீண்டு கிடக்கின்றன.

‘வாழ வேண்டுமெனில் இழந்தவரை மறந்துவிடு’ என்பது உலகம் கூறும் அறிவுரை. மறவாதிருந்தால் வாழ்வு முடங்கிவிடும் என நாமும் அஞ்சுகிறோம். அவளோ இல்லறம் நடத்தினாள், மக்களைப் பெற்று வளர்த்தாள். ஆயினும் கரைக்கு வருவதை விடவில்லை. காத்திருப்பு அவள் கடமைகளை விழுங்கவில்லை. கடமைகள் அவளது அன்பை மூடிவிடவும் இல்லை.

இறுதியில் அந்த நீர்ப்பரப்பே வற்றிப் புல்வெளியாகிவிடுகிறது. நெதர்லாந்து மக்களுக்கு இது வெறும் கற்பனையன்று. 1932-இல் 32 கிலோமீட்டர் நீள அணையால் கடலின் ஒரு பகுதியை அடைத்து, பின்னர் அதன் பல பகுதிகளை விளைநிலமாக்கியவர்கள் அவர்கள். தந்தை சென்ற நீர்வழியிலேயே முதியவள் நடக்கிறாள். பாதி புதைந்த படகைக் கண்டு அதில் படுக்கிறாள். எழுந்து ஓடுகையில் இளமை திரும்புகிறது; எதிரே தந்தை நிற்கிறார்.

அது கனவா, மரணமா என்று படம் கூறுவதில்லை. ஆயினும் ஒன்று நமக்குப் புலனாகிறது. அவளது இளமையைக் கொண்டுபோன அதே காலந்தான், இருவரையும் பிரித்த நீரையும் வற்றச் செய்தது. அவள் கரைக்கு வருவதை நிறுத்தியிருந்தால், வழி திறந்ததை அறிந்திருக்கமாட்டாள் அன்றோ?

நம் தெருக்களிலும் சென்றவருக்காக வாசலைப் பார்த்திருக்கும் முதியோர் உண்டு. ‘போனது போகட்டும்’ என்று அவர்களிடம் சொல்லுமுன் சற்றே தயங்குவோம். முடிந்தால், சிறிது நேரம் அவர்கள் அருகே அமர்ந்திருப்போம்.