ஏழு நொடிச் சிறுமி

1944 மே 19. நெதர்லாந்தின் வெஸ்டர்போர்க் நாஜி முகாமில் சரக்கு ரயில் ஒன்று புறப்படத் தயாராக நிற்கிறது. கதவிடுக்கில் தலையில் துணி கட்டிய ஒரு சிறுமி வெளியே பார்க்கிறாள். ஏழு நொடிதான். யூதப் படுகொலை பற்றிய ஆவணப்படங்களில் அந்த ஏழு நொடி திரும்பத் திரும்ப வந்தது. பெயர் தெரியாத யூதச் சிறுமி என்றே அரை நூற்றாண்டு அவளைக் கருதினார்கள்.

1994இல் டச்சுப் பத்திரிகையாளர் ஆட் வாகெனார் உண்மையைக் கண்டுபிடித்தார். அவள் செட்டேலா ஸ்டைன்பாக், ஒன்பது வயது, ரோமா மக்களின் சின்ட்டி பிரிவைச் சேர்ந்தவள். மொட்டையடிக்கப்பட்ட தலையை மறைக்கத்தான் அந்தத் துணி. அன்று 245 ரோமா, சின்ட்டி மக்கள் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார்கள். மூன்று மாதம் ஆவதற்குள் அவள் அங்கே கொல்லப்பட்டாள்.

அந்தக் காட்சியைப் பயன்படுத்தியவர்கள் பொய் சொல்ல நினைக்கவில்லை. படுகொலை உண்மை, ரயில் உண்மை, அவள் சாவும் உண்மை. பெரிய உண்மைக்கு ஒரு முகம் வேண்டியிருந்தது, கிடைத்த முகத்தை வைத்தார்கள். இந்த வாதத்தை எளிதில் தள்ளிவிட முடியாது. ஆனால் இழப்பு யாருக்கு? ரோமா மக்களுக்கு நடந்ததை இனப்படுகொலை என்று மேற்கு ஜெர்மனி ஒப்புக்கொண்டதே 1982இல்தான். அத்தனை காலமும் அவர்களுடைய சாட்சி எல்லோர் கண்முன்னும் ஓடிக்கொண்டிருந்தது, வேறொருவர் கணக்கில்.

விசாரிக்க வழியில்லாமலும் இல்லை. அதே படச்சுருளில், வண்டியில் வைத்துத் தள்ளிவரப்படும் ஒரு பெண்ணின் பெட்டியில் பெயரும் பிறந்த தேதியும் எழுதியிருக்கிறது. ரயில் கிளம்பிய தேதி தெரிய அதுவே உதவியது. படத்தை நிறுத்தி அந்த எழுத்தைப் படிக்கும் பொறுமைதான் தேவைப்பட்டது.

கேமரா யார் கையில் இருந்தது என்பது இன்னும் சிக்கலான கேள்வி. படமெடுக்கச் சொன்னவர் முகாம் தளபதி கெம்மெக்கர். எடுத்தவர் ருடால்ஃப் பிரெஸ்லாவர் என்ற யூதக் கைதி. முகாமால் ஆதாயம் உண்டு என்று காட்டுவதே தளபதியின் நோக்கம். அதனால் விமான உதிரிகளைப் பிரிக்கும் பட்டறையும், பல் மருத்துவரும், மேடை நிகழ்ச்சியும் அதில் உண்டு. பின்னால் வந்த எடிட்டர்கள் பெரும்பாலும் ரயிலை எடுத்துக்கொண்டு மற்றதை விட்டுவிட்டார்கள். சிரிக்கும் கைதியைக் காட்டினால் முகாம் நல்ல இடமாகத் தெரியுமோ என்ற பயம் புரிந்துகொள்ளக்கூடியதே. ஆனால் தளபதி தனக்குத் தோதாகப் பொறுக்கினார் என்றால், இதுவும் பொறுக்கல்தானே?

கிளோத் லான்ஸ்மன் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும் 'ஷோவா' (1985) ஆவணப்படத்தில் பழைய காட்சி ஒன்றைக்கூடச் சேர்க்கவில்லை. மதிக்க வேண்டிய பிடிவாதம். ஆனால் எல்லோரும் அப்படியே இருந்திருந்தால் செட்டேலாவை யாரும் தேடியிருக்க மாட்டார்கள்.

ஹாருன் ஃபரோக்கி 2007இல் 'ரெஸ்பைட்' படத்தில் வெஸ்டர்போர்க் காட்சிகளையே எடுத்துக்கொண்டார். இசையில்லை, குரலில்லை, எடுக்கச் சொன்னது யார், எடுத்தது யார், எதற்கு என்று சொல்லும் எழுத்து அட்டைகள் மட்டும். பட்டறையும் சிரிப்பும் அதில் அப்படியே இருக்கின்றன. விளக்கம் போட்டால் படத்தின் வேகம் கெடும் என்பது எடிட்டிங் அறையின் வழக்கமான சாக்கு. 40 நிமிடம் அட்டைகளைப் படிக்கவைத்தும் ஃபரோக்கியின் படம் இறுக்கம் குறையாமல் நிற்கிறது.