மரியாதையா, அச்சமா?



துரையைக் கண்டால் தொழிலாளி குடையை மடக்கி, செருப்பைக் கழற்றி, ஒதுங்கி நிற்கவேண்டும் என்றிருந்த காலத்தை நமது தோட்டங்களில் முதியோர் மறந்திருக்கமாட்டார்கள். அதற்கு இட்ட பெயர் மரியாதை. பதிலுக்குத் தொழிலாளிக்குக் கிடைத்தது என்ன? சின்னத்துரைமார் தமிழ் பழகுவதற்கென்று பத்தொன்பதாம் நூற்றாண்டில் அச்சிட்ட கைந்நூலின் பெயரே 'இங்கே வா' என்பதுதான்! 'வாருங்கள்' என்ற சொல் அவர்களுக்குத் தேவைப்படவில்லை.

1936ஆம் ஆண்டு பிரேஸ்கேர்டில் என்ற வெள்ளைக்கார இளைஞர் அவுஸ்திரேலியாவிலிருந்து வந்து, மடுல்கலைப் பகுதியில் ரெலுகாஸ் தோட்டத்தில் துரை வேலை பழகினார். அவர் தொழிலாளரின் பக்கம் நின்றார், வேலை போயிற்று. 1937 ஏப்ரலில் நாவலப்பிட்டிக் கூட்டத்தில் துரைமாரைக் கண்டித்துப் பேசினார். அதே மாதம் தேசாதிபதி ஸ்டப்ஸ் அவரை நாடுகடத்தக் கட்டளையிட்டார். மே மாதத்தில் உயர் நீதிமன்றம் அக்கட்டளை செல்லாதென்று தீர்த்து அவரை விடுவித்தது.

களவோ கொலையோ செய்யாதவரைக் குற்றவாளிபோல் துரத்தியது ஏன்? துரையாய் இருக்கவேண்டியவர் தொழிலாளியைத் தமக்குச் சமமாக மதித்ததே பெருங்குற்றமாயிற்று. எளியவன் வலியவனுக்குப் பணிவது அச்சமாகவும் இருக்கலாம். பணியவேண்டிய கட்டாயமில்லாதவன் பிறனை மதிக்கும்போதுதான் அது மரியாதை என்று உறுதியாகிறது.

வெள்ளைத் துரைமார் போய்விட்டார்கள். ஆனால் லயத்தில் பிறந்து, படித்து, உத்தியோகம் பெற்ற நம் பிள்ளைகள், கொழுந்துக்கூடையோடு எதிரே வரும் பாட்டியை எப்படி அழைக்கிறார்கள்? 'வாங்க பாட்டி' என்றா, 'இங்கே வா' என்றா? இன்றிரவு வீட்டில் கேட்டுப் பாருங்கள்.