யாரோட வந்தே?

திருப்பூர் ரயில் நிலையத்தில் தனியாக இறங்கும் 16 வயதுப் பையனை ஊர் கேட்கும் கேள்வி, "வேலை தேடி வந்தியா?" அதே வயதுப் பெண்ணைக் கேட்பது, "யாரோட வந்தே?" அவன் எதையோ தேடி வந்தவன், அவள் யாருக்கோ உரியவள். தொலைந்த பொருளைப் போல அவளை உரியவரிடம் ஒப்படைப்பதே பாதுகாப்பு என்று நம்புகிறோம்.

இந்தப் பதற்றத்துக்குக் காரணம் இல்லாமல் இல்லை. தன்பாத்–ஆலப்புழா எக்ஸ்பிரஸ் போன்ற வண்டிகளில் ஜார்க்கண்டிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் இளையோர் இங்கே வந்து இறங்குகிறார்கள். மொழி தெரியாத ஊர், நடைமேடையில் படுக்கை, பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை, பிசிறு வெட்டும் வேலை என்று ஆசைகாட்டி அழைக்கும் தரகர். "அவள் விருப்பம்" என்று சொல்லிவிட்டு நாம் நகர்ந்துவிட முடியாது.

ஆனால் எதிலிருந்து பாதுகாப்பு? குடும்பமே கட்டாயக் கல்யாணம் செய்துவைக்கக்கூடும் என்ற நிலையிலுள்ள சிறுமியையும், பாதுகாப்பு தேவைப்படும் குழந்தை என்றே 2015ஆம் ஆண்டின் இளஞ்சிறார் நீதிச் சட்டம் சொல்கிறது. வீடே ஆபத்தாகலாம் என்பது சட்டத்துக்குத் தெரிந்திருக்கிறது. மீட்கப்பட்ட குழந்தையை 24 மணி நேரத்துக்குள் குழந்தைகள் நலக் குழுவின் முன் நிறுத்த வேண்டும், அவள் சொல்வதைக் கேட்க வேண்டும், இல்லத்தில் சேர்ப்பது கடைசி வழியாகவே இருக்க வேண்டும் என்றும் அது சொல்கிறது.

பூட்டிய கதவைப் பாதுகாப்பு என்று அழைப்பது இந்த வட்டாரத்துக்குப் பழக்கமானதுதான். மேற்கு மாவட்ட நூற்பாலைகளின் சுமங்கலித் திட்டத்தை நினைத்துப் பாருங்கள். பெரும்பாலும் மூன்றாண்டு வேலை, முடிவில் கல்யாணச் செலவுக்கு மொத்தத் தொகை, அதுவரை விடுதி வாசம். வெளியே போகக் கட்டுப்பாடு, போன் பேசவும் கட்டுப்பாடு. நெதர்லாந்தின் இரு அமைப்புகள் 2011இல் வெளியிட்ட அறிக்கை இதை ஆடை வாங்கும் நாடுகளுக்கும் தெரியப்படுத்தியது. பெற்றோரை இசைய வைத்தவற்றில் ஒன்று, "பொண்ணு பத்திரமா இருப்பா" என்ற உறுதி. பத்திரமாக இருந்தது பெண்ணா, ஆலையின் ஆள்பலமா?

"அவளே சம்மதித்துத்தானே வந்தாள்?" என்று ஆலைத் தரப்பு கேட்கலாம். திரும்பிப் போக வழியில்லாத இடத்தில் சம்மதத்துக்கு என்ன பொருள்? நடைமேடையில் அவளைத் தனியே விடுவதும், விடுதியில் பூட்டி வைப்பதும், கேட்காமல் வீட்டுக்கு ஏற்றி அனுப்புவதும் ஒரு விஷயத்தில் ஒன்றுதான்: மூன்றிலும் அவள் பேச்சுக்கு இடமில்லை.

ஆகவே 1098ஐ அழைப்பதோடு நம் பொறுப்பு முடிவதில்லை. அவள் மொழி பேசும் ஒருவரைத் தேட வேண்டும். எங்கே போக விரும்புகிறாள், எங்கே போக அஞ்சுகிறாள் என்று கேட்க வேண்டும். அவள் பதிலைக் கேட்டபின் நம் முடிவு மாறக்கூடியதாக இருந்தால் மட்டுமே அதைப் பாதுகாப்பு என்று சொல்லலாம்.