வங்காள எழுத்தில் ஒரு வரி

பள்ளிச் சுவர்களிலும் நாட்காட்டித் தாள்களிலும் காந்தி படத்துக்குக் கீழே "என் வாழ்க்கையே என் செய்தி" என்ற வரியைப் பார்க்காதவர் இருக்க மாட்டார்கள். அக்டோபர் 2 வந்தால் விடிவதற்குள் செல்பேசிக்கும் வந்துவிடும். பார்த்துப் பார்த்துப் பழகிப்போய், இப்போது அது யார் மனத்திலும் தைப்பதில்லை. அது எந்த நாளில், என்ன நிலையில் எழுதப்பட்டது என்று தெரிந்துகொண்டால் ஒரு நிமிடம் நின்று படிக்கத் தோன்றும்.

1947 செப்டம்பர் முதல் வாரம். சுதந்திரம் வந்து மூன்று வாரம்கூட ஆகவில்லை. கல்கத்தாவில் பேலியாகட்டா பகுதியில் ஹைதரி மாளிகை என்ற பாழடைந்த வீட்டில் காந்தி தங்கியிருந்தார். ஆகஸ்ட் 31 இரவு ஒரு கூட்டம் வீட்டுக்குள் புகுந்தது. கல் பறந்தது, தடி பறந்தது. அவர்மேல் படாமல் போனது தெய்வச் செயல்தான். மறுநாள் மாலை, இந்து-முஸ்லிம் கலவரம் அடங்கும்வரை உண்ணாவிரதம் என்று முடிவெடுத்துவிட்டார்.

அப்போது மேற்கு வங்க ஆளுநர் ராஜாஜி. ஓடி வந்து வாதாடிப் பார்த்தார். குண்டர்களை எதிர்த்து யாராவது பட்டினி கிடப்பார்களா என்றுகூடக் கேட்டார். காந்தி அசையவில்லை. கடைசியில் உண்ணாவிரத அறிக்கையை வாங்கிப் படித்த ராஜாஜியின் கண்ணில் ஒன்று பட்டது. குடிக்கும் தண்ணீரில் எலுமிச்சைச் சாறு சேர்த்துக்கொள்வேன் என்று அதில் எழுதியிருந்தது. எல்லாவற்றையும் ஆண்டவன் கையில் விட்டவருக்கு எலுமிச்சை எதற்கு என்று கேட்டார். காந்தி மறுபேச்சில்லாமல் அதை அடித்துவிட்டார். இத்தனை ஆண்டுப் பழக்கத்தில் ராஜாஜி ஒருவரால்தான் அப்படிக் கேட்டிருக்க முடியும். அதை உடனே ஏற்றுக்கொண்டவரை என்னவென்று சொல்வது!

73 மணி நேரத்தில் நகரம் அடங்கியது. எல்லாச் சமயத் தலைவர்களும் எழுத்தில் உறுதி கொடுத்த பிறகே அவர் பழச்சாறு வாங்கிக் குடித்தார். அதற்குள் அமைதிப் பணிக்குப் போன சச்சின் மித்ரா, ஸ்மிருதீஷ் பானர்ஜி என்ற இரண்டு இளைஞர்கள் கலவரத்தில் உயிரைக் கொடுத்திருந்தார்கள். அந்த நாட்களில்தான் சாந்தி சேனை என்ற அமைதிப் படையின் தொண்டர்கள் அவரிடம் செய்தி கேட்டார்கள். உண்ணாவிரதம் முடிந்த களைப்பு நீங்காத கையால், வங்காள எழுத்தில், அந்த ஒரே வரியை எழுதிக் கொடுத்தார்.

குஜராத்திக்காரருக்கு வங்காள எழுத்து எங்கிருந்து வந்தது? நவகாளியிலிருந்து.

கல்கி பத்திரிகைக்காகச் சாவி அங்கே போய் வந்து எழுதிய 'நவகாளி யாத்திரை' வழியே தமிழ் வாசகருக்கு அந்தப் பெயர் பழக்கமானது. இன்று வங்கதேசத்தில் இருக்கும் அந்தச் சதுப்பு மாவட்டத்தில் 1946 அக்டோபரில் இந்துக்கள் கொல்லப்பட்டார்கள், வீடுகள் எரிந்தன, மதமாற்றம் கத்தி முனையில் நடந்தது. நவம்பரில் காந்தி போனார். வயது 77. கூட வந்தவர்களைத் தன்னுடன் வைத்துக்கொள்ளவில்லை. ஆளுக்கு ஒரு கிராமம் என்று பிரித்து அனுப்பிவிட்டார். மருத்துவர் சுசீலா நய்யார் ஓர் ஊரில், அவருடைய அண்ணன் பியாரேலால் இன்னோர் ஊரில், காந்தியின் வயதே ஆன தக்கர் பாபா வேறோர் ஊரில். பயந்து ஓடிய மக்களுக்குத் துணிவைப் பற்றிச் சொற்பொழிவு செய்தால் போதாது, பயம் இருக்கும் ஊரிலேயே படுத்துத் தூங்க வேண்டும் என்பது அவர் கணக்கு. தாம் ஸ்ரீராம்பூர் என்ற கிராமத்தில் ஆறு வாரம் இருந்தார். பேராசிரியர் நிர்மல் குமார் போஸிடம் நாள் தவறாமல் வங்காளப் பாடம் படித்தார். ஓடைகளின் மேல் மூங்கிலால் கட்டிய, ஒருவர் மட்டும் கால் வைக்கக்கூடிய பாலத்தில் நடந்து பழகினார்.

அந்தக் குடிசையில் இருந்தவர் அசையாத மலை என்று நினைத்துக்கொள்ள வேண்டாம். "என்ன செய்வேன், என்ன செய்வேன்" என்று அவர் தமக்குள் முணுமுணுத்துக்கொண்டதை போஸ் கேட்டிருக்கிறார். சுற்றிலும் இருள், வழி தெரியவில்லை என்று காந்தியே கடிதங்களில் எழுதினார். துணிவைப் பற்றி அவர் சொன்னதை நான் நம்புவதற்கு முதல் காரணம் இந்த முணுமுணுப்புதான்.

சிறு பிள்ளையாக இருந்தபோது அவருக்குத் திருடன் பயம், பேய் பயம், பாம்பு பயம். விளக்கில்லாமல் தூக்கம் வராது. வீட்டு வேலைக்காரி ரம்பா, பயம் வந்தால் ராம நாமம் சொல் என்று சொல்லிக்கொடுத்தாள். ஒரு பணிப்பெண் கொடுத்த உபதேசத்தைக் கடைசி மூச்சுவரை வைத்திருந்தார். பின்னாளில் ஆசிரமத்தின் பதினொரு விரதங்களை வகுத்தபோது உண்மை, அகிம்சை, திருடாமை இவற்றோடு அஞ்சாமையையும் சேர்த்தார். கீதையின் பதினாறாம் அத்தியாயத்தில் தெய்விகக் குணங்களின் வரிசையில் அபயம்தான் முதலில் வருகிறது. ஆசிரமப் பிரார்த்தனையில் நாள்தோறும் அந்த விரதங்களைச் சொன்னார்கள். துணிவு அவருக்குப் போர்க்களத்தில் திடீரென்று பிறக்கும் வீரமாக இல்லை. குளிப்பது, நூற்பது போல அன்றாடம் செய்யும் சாதனையாக இருந்தது. பயம் இருக்கிறது என்று ஒத்துக்கொண்டவன்தானே அதற்கு மருந்து தேடுவான்.

1947 ஜனவரியில் நவகாளியில் கிராமம் கிராமமாக நடக்கத் தொடங்கினார். சில நாளில் செருப்பையும் கழற்றிவிட்டார். தனியே நடப்பதைப் பற்றிய தாகூரின் பாட்டைக் கூட வந்தவர்கள் பாடினார்கள். சில இடங்களில் அவர் போகும் பாதையில் வேண்டுமென்றே மலத்தைப் போட்டு வைத்தார்கள். யார் போட்டது என்று விசாரிக்கவில்லை. குனிந்து சுத்தம் செய்துவிட்டு மேலே நடந்தார். 1901 கல்கத்தா காங்கிரசில், முகம் தெரியாத இளம் வக்கீலாக வந்தபோதே துடைப்பம் கேட்டு வாங்கிக் கழிப்பறை கழுவியவர் அவர். 46 ஆண்டு கழித்தும், தேசம் முழுக்க மகாத்மா என்று கும்பிட்ட பிறகும், கைக்கு அந்த வேலை மறக்கவில்லை. ஒருவருடைய குணத்தை அறிய இதைவிட வேறு உரைகல் வேண்டாம்.

அதே ஜனவரியில் சிராண்டி என்ற ஊரில் அம்துஸ் சலாம் என்ற முஸ்லிம் பெண் சாகும் நிலையில் கிடந்தார். பட்டியாலாவைச் சேர்ந்தவர், ஆசிரமத்தில் காந்திக்கு மகள் போல. கலவரத்தில் இந்துக்களின் பூஜை வாள்கள் பறிபோயிருந்தன. அதில் ஒன்று மட்டும் திரும்பி வரவில்லை. அது வரும்வரை உண்ண மாட்டேன் என்று படுத்துவிட்டார். தன் மதத்துக்காரர்கள் செய்த தவற்றுக்கு, அடுத்த மதத்தின் பூஜைப் பொருளுக்காக, 25 நாள். ஊர்ப் பெரியவர்கள் கூடி, இனி இந்துக்களைக் காப்பது எங்கள் பொறுப்பு என்று கையெழுத்துப் போட்ட பிறகு காந்தி கையால் ஆரஞ்சுச் சாறு வாங்கிக் குடித்தார். இவர் சொன்னதாக எந்தப் பொன்மொழியும் நாட்காட்டியில் வருவதில்லை.

தலைவர்களின் சொல்லைப் படிப்பதும் பிறருக்கு அனுப்புவதும் தவறில்லை, அதோடு நின்றுவிடுவதுதான் குறை. மந்திரத்தை எத்தனை பேருக்குச் சொன்னோம் என்று யாரும் கணக்கு வைப்பதில்லை, எத்தனை முறை ஜபித்தோம் என்றுதான் எண்ணுகிறோம். பெரியவர்களின் வாக்கையும் அப்படி எடுத்துக்கொள்ளலாம் என்று தோன்றுகிறது. ஒரு வரி, ஒரு மாதம். அதைச் சொன்னவர் அன்று என்ன செய்துகொண்டிருந்தார் என்று தேடிப் பார்ப்பது. நம் தெருவில், நம் அலுவலகத்தில், நாம் பேசத் தயங்கும் ஓர் ஆளிடம் அந்த வரி என்ன செய்யச் சொல்கிறது என்று காலையில் ஐந்து நிமிடம் கண்ணை மூடிக் கேட்டுக்கொள்வது. பதில் பெரும்பாலும் சின்னதாகத்தான் வரும். வருகிற பதில் நமக்குப் பிடிக்காததாகவும் இருக்கும்.

நவகாளியில் காந்தி வென்றார் என்று நான் சொல்ல வரவில்லை. ஓடிப்போனவர்களில் பலர் திரும்பவே இல்லை. 1947 மார்ச்சில் அவர் பீகாருக்குப் போனார், அங்கே அடிபட்டவர்கள் முஸ்லிம்கள். திரும்பி வருவேன் என்று நவகாளிக்குச் சொன்னதை அவரால் நிறைவேற்ற முடியவில்லை. ஆனால், நான் வரும்வரை இங்கேயே இரு என்று அவர் சொல்லிவிட்டுப் போன தொண்டர் சாரு சௌத்ரி அங்கிருந்து நகரவில்லை. பாகிஸ்தான் ஆட்சி அவரைப் பல ஆண்டுகள் சிறையில் வைத்தது. வங்கதேசம் பிறந்த பிறகு வெளியே வந்தவர் மறுபடியும் அதே ஊருக்குத்தான் போனார். 1947 ஜனவரி 29 அன்று காந்தி கால் வைத்த ஜயாக் கிராமத்தில், அவர் விட்ட பணியை காந்தி ஆசிரம அறக்கட்டளை இன்றும் செய்துவருகிறது.