நடுநிலை யார் வேலிக்குள் நிற்கிறது?

"இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போ." போலீஸ் ஸ்டேஷன் படியேறிய நம்ம சனத்துக்கு இது மனப்பாடம். வரப்புத் தகராறு, வேலித் தகராறு, சந்துத் தகராறு, எதைக் கொண்டுபோனாலும் இதே பதில்தான். அக்கம்பக்கத்துச் சண்டையில் போலீஸ் நடுநிலை வகிக்கிறது என்று இதற்குப் பொருள் சொல்கிறார்கள். இந்த நடுநிலை நியாயமா என்பதே என் கேள்வி.

மேலோட்டமாகப் பார்த்தால் சரிதான். எல்லை எங்கே என்று சர்வேயர் சொல்ல வேண்டும். நிலம் யாருக்கு என்று சிவில் கோர்ட் சொல்ல வேண்டும். ஏட்டையா சங்கிலி பிடித்து அளக்கக் கிளம்பினால் முதலில் நிலத்தை இழப்பது சேரிதான். ஆனால் இந்த ஒதுங்கல் எப்போதும் இருப்பதில்லை. காரணை பஞ்சமி நிலப் போராட்டத்தில் 1994 அக்டோபரில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் ஜான் தாமஸ், ஏழுமலை இருவரையும் பறிகொடுத்தோம். அன்றைக்கு நிலம் சிவில் மேட்டராகத் தெரியவில்லை.

எங்கள் கொல்லை ஊர்க்காரர் ஒருவரின் தென்னந்தோப்பை ஒட்டியது. சர்வேயர் நட்ட கல்லைப் பிடுங்கி, எங்கள் பக்கம் தள்ளி நட்டு, முள்வேலியும் போட்டார்கள். மனுவோடு போன அம்மாவிடம், "ஐயா பந்தோபஸ்து போயிருக்காரு, நாளைக்கி வா" என்றார்கள். பிறகு, "திங்கக்கெழம வா." அதற்கும் பிறகு, "ரெண்டு பேரும் பேசித் தீத்துக்கங்க." அம்மா என்னிடம் கேட்டாள்: "ஏண்டா தம்பி, அவரு வேலிக்குள்ள உக்காந்து பேசுவாரு, நான் ரோட்டுல நின்னு பேசணுமா?" கடைசியில் இரு தரப்பு மேலும் 107 போட்டார்கள். கல்லைப் பிடுங்கியவருக்கும், கல் எங்கே என்று கேட்டவளுக்கும் ஒரே பிரிவு.

இங்கே தேதியைக் கவனிக்க வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145ஆம் பிரிவு, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் 164ஆம் பிரிவு. நிலம் யாருக்குச் சொந்தம் என்று அது பார்க்காது. யார் கையில் இருக்கிறது என்றுதான் பார்க்கும். அடாவடியாக வெளியேற்றப்பட்டவருக்கு ஒரு விலக்கு உண்டு. நிர்வாக நடுவருக்குத் தகவல் போன தேதிக்கு முந்தைய 2 மாதத்துக்குள் அது நடந்திருந்தால், நிலம் அவர் கையிலேயே இருப்பதாக நடுவர் கொள்ளலாம். ஒன்பது தடவை 'அடுத்த வாரம் வா' என்றால் அந்த 2 மாதம் ஓடிப்போகும். போலீஸ் யாரையும் அடிக்கவில்லை, எந்தப் பக்கமும் பேசவில்லை. ஆனால் நிலம் கைமாறிவிட்டது. சமமில்லாத இருவருக்கு நடுவில் சும்மா நிற்பதும், வேலி போட்டவனுக்கு நாள் கொடுக்கிற ஒரு செயல்தான்.

போலீஸ் எல்லையைத் தீர்மானிக்க வேண்டாம். பிடுங்கியது, மிரட்டியது, சாதி சொல்லி வைதது, இவற்றைப் பதிவு செய்தால் போதும். 1989 வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் தலித் நிலத்தை முறைகேடாக வளைப்பதே குற்றம். முதல் தகவல் அறிக்கைக்கு முன் பூர்வாங்க விசாரணை தேவையில்லை என்று 2018 திருத்தம் சொல்கிறது. எல்லா வரப்புச் சண்டையும் வன்கொடுமை ஆகாது என்பார்கள். 2020இல் உச்ச நீதிமன்றமும் அந்தப் பொருளில் சொன்னது. சரி, அதை விசாரித்துச் சொல்ல வேண்டியது கோர்ட். ஸ்டேஷன் வாசலில் நிற்கும் பாரா அல்ல.

தோழர்களே, போலீஸ் அறிக்கை வழியாகத்தான் நடுவருக்குத் தகவல் போக வேண்டும் என்று சட்டத்தில் இல்லை. வேறு வகையில் வந்த தகவலும் செல்லும். கல் பிடுங்கப்பட்ட வாரத்திலேயே ஆர்.டி.ஓ.வுக்குப் பதிவுத் தபாலில் மனு போகட்டும். ஸ்டேஷனில் கொடுத்த மனுவுக்குத் தேதியோடு சி.எஸ்.ஆர். ரசீது கேளுங்கள். தரமாட்டேன் என்றால் அதையும் தேதி போட்டு எழுதி வையுங்கள்.