தர்மகர்த்தா என்பவர் யார்?



சிவன் கோயிலுக்குப் போனால், வெளியே வருவதற்கு முன் சண்டிகேசுவரர் சந்நிதியில் நின்று கையை மெதுவாகத் தட்டுவோம். ஏன் தட்டுகிறோம் என்று கேட்டால் பாதிப் பேர், "அவர் தியானத்துல இருக்கார், எழுப்புறோம்" என்பார்கள். பெரியவர்கள் சொல்லும் காரணம் வேறு. "சுவாமி, உங்கள் வீட்டிலிருந்து நான் ஒன்றும் எடுத்துப் போகவில்லை, பாருங்கள்" என்று வெறுங்கையைக் காட்டுவதாம். சோழர் காலக் கல்வெட்டுகளைப் பார்த்தால் இந்தக் காரணத்துக்கு வலு கூடுகிறது. கோயில் நிலத்தை வாங்குவதும் விற்பதும் அரசன் பெயரிலோ அர்ச்சகர் பெயரிலோ நடக்கவில்லை. சண்டேசுவரர் பெயரில் நடந்திருக்கிறது. சிவனுடைய கணக்குப்பிள்ளை அவர்.

அந்தக் கல்வெட்டுகளில் எனக்கு மிகவும் பிடித்தது ஆட்டுக் கணக்கு. தஞ்சைப் பெரிய கோயிலில் ஒரு நந்தா விளக்கு அணையாமல் எரிய 96 ஆடுகள் கொடுப்பார்கள். ஆடுகளைக் கோயிலில் கட்டி வைக்க முடியாதே! இடையரிடம் ஒப்படைப்பார்கள். அவர் தினமும் ஓர் உழக்கு நெய் கோயிலுக்கு அளக்க வேண்டும். அதற்கு மேல் கிடைப்பதில் அவர் குடும்பம் பிழைக்கும். ஆனால் மந்தை குறையக் கூடாது. கிழட்டு ஆடு செத்தால் குட்டி வளர்ந்து அந்த இடத்தை நிரப்பும். அதனால்தான் அவற்றுக்கு 'சாவா மூவாப் பேராடு' என்று பெயர். ஆடு சாகும், மந்தை சாகாது.

இடையர் ஆட்டுக்குச் சொந்தக்காரர் இல்லை. அதற்காக வெறும் கூலியாளும் இல்லை. அவர் சாப்பிடலாம், பிள்ளைகளை வளர்க்கலாம். விளக்கு மட்டும் அணையக் கூடாது. தர்மகர்த்தா என்றால் இவர்தான். நாம் அந்தச் சொல்லைக் கேட்டதும் திருவிழாவில் பரிவட்டம் கட்டிக்கொண்டு முன்னால் நிற்பவரை நினைக்கிறோம், அது வேறு கதை.

காந்தியடிகள் செல்வத்தைப் பற்றிச் சொன்ன தர்மகர்த்தா கொள்கையும் இதுவே. தென்னாப்பிரிக்காவில் கீதையை ஆழ்ந்து படித்தபோது, சட்டப் படிப்பில் பார்த்த அறங்காவலர் என்ற சொல்லுக்கு அவருக்குப் புதிய பொருள் விளங்கியது. எத்தனை கோடி கையில் இருந்தாலும் ஒரு காசைக்கூடத் தன்னுடையது என்று எண்ணாதவர் அறங்காவலர். அது விளங்கியவுடன் அவர் செய்த காரியம், தான் எடுத்திருந்த ஆயுள் காப்புறுதியைக் கைவிட்டது. நம் அம்மாக்கள் இதைக் கேட்டால் தலையில் கை வைத்துக்கொள்வார்கள்! எல்லாரும் அப்படிச் செய்ய வேண்டும் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் கீதையின் 3ஆம் அத்தியாயம், பெற்றதைத் திருப்பிக் கொடுக்காமல் தானே அனுபவிப்பவனுக்கு வைக்கும் பெயர் திருடன். சோம்பேறி என்றோ கஞ்சன் என்றோ சொல்லிவிட்டு விடவில்லை.

திருக்குறளில் ஒப்புரவறிதல் அதிகாரத்தில் ஊருணி வருகிறது. எங்கள் கெர்லிங்கிலிருந்து கொஞ்சம் தெற்கே போனால் குவாலா குபு பாரு பக்கம் சுங்கை சிலாங்கூர் அணை இருக்கிறது. பொறியியல் மாணவன் என்பதால் அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வள்ளுவர் ஞாபகம் வரும். தேக்குவது அணையின் வேலைதான். ஆனால் கிள்ளான் பள்ளத்தாக்கில் ஒரு வீட்டுக் குழாயைத் திறந்தால் தண்ணீர் வரணும். தேக்கி மட்டும் வைப்பேன் என்றால் அது எதற்கு?

நம் நாட்டு வரலாற்றுக்கு வருவோம். சுதந்திரம் கிடைத்த காலத்தில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்றுவிட்டுப் புறப்பட்டன. வாங்கியவர்கள் துண்டு துண்டாக்கி விற்றார்கள். தோட்டத் துண்டாடல் என்று நம் தாத்தாக்கள் சொல்வது இதைத்தான். தலைமுறை தலைமுறையாகப் பால் வெட்டியவர்களுக்கு வேலை போனால் லயத்து வீடும் சேர்ந்து போகும். துன் வீ.தி. சம்பந்தன் அப்போது அமைச்சர். அவர் தோட்டம் தோட்டமாகப் போய்ப் பத்து பத்து வெள்ளியாகச் சேர்த்து 100 வெள்ளிப் பங்கு போடச் சொன்னார். 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது. முதலில் வாங்கியது கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டம். யோசித்துப் பாருங்கள்: அன்றைய நாள் கூலிக்கு அந்தப் பத்து வெள்ளி எத்தனை நாள் பால்! அதை நம்பிக் கொடுத்தார்கள். அந்தப் பணம் சம்பந்தனுடைய பணம் இல்லை, சங்கத்து அதிகாரிகளுடையதும் இல்லை. இடையரிடம் கொடுத்த ஆடு அது.

அதே நம்பிக்கையோடு 1980களில் மைக்கா ஹோல்டிங்சில் 60,000க்கும் மேற்பட்ட நம்மவர்கள் பங்கு போட்டார்கள். நகையை அடகு வைத்துப் போட்டவர்களும் உண்டு. எதிர்பார்த்தது கிடைக்கவில்லை. யார் தப்பு என்று இங்கே தீர்ப்புச் சொல்ல வரவில்லை. ஆனால் ஒன்றைக் கவனித்திருக்கிறேன். பொதுக் காரியத்துக்குப் பணம் என்று இன்றைக்குப் பேச்செடுத்தாலும் பெரியவர்கள் முதலில், "மைக்கா மாதிரி ஆகாதே?" என்கிறார்கள். மந்தை குறைந்தால் அந்த ஒரு விளக்கோடு போகாது போலிருக்கிறது.

அரசாங்கமும் ஓர் இடையர்தான். எங்கள் உலு சிலாங்கூர் வட்டாரத்தில் நைகல் கார்ட்னர், புக்கிட் தாகார், சுங்கை திங்கி, மேரி, மின்யாக் ஆகிய 5 தோட்டத்து மக்கள் சொந்த வீட்டுக்காக 20 ஆண்டுகளுக்கு மேல் காத்திருந்தார்கள். 2023இல்தான் பெஸ்தாரி ஜெயாவில் 245 குடும்பங்களுக்கான வீடமைப்புத் திட்டத்தைப் பிரதமர் அன்வார் இப்ராகிம் தொடக்கி வைத்தார். நல்ல செய்தி, நன்றி சொல்ல வேண்டியதுதான். அதற்குள் கண்மூடிய பாட்டிமார்களுக்கு யார் நெய் அளப்பது?

பெரிய ஆட்களைப் பற்றிப் பேசுவது எளிது. நாமும் திருவிழாவுக்கு அன்னதானம், தேவார வகுப்புக்குப் புத்தகம் என்று வாட்ஸ்அப்பில் வசூல் பண்ணுகிறோம். பணம் பொருளாளரின் சொந்த வங்கிக் கணக்குக்குள் போகிறது. அவர் நல்ல பையன், நமக்குத் தெரியும். ஆனால் அவருடைய பெட்ரோல் காசும் அம்மனுடைய எண்ணெய்க் காசும் ஒரே கணக்கில் கலந்து கிடந்தால், மாதக் கடைசியில் அவருக்கே எது எது என்று தெரியாது. எண்ணி ஒப்படைக்காத மந்தையை எவ்வளவு நல்ல இடையராலும் காப்பாற்ற முடியாது. இயக்கத்தின் பெயரில் தனிக் கணக்கு வேண்டும். பணம் எடுக்க இரண்டு பேர் கையெழுத்து வேண்டும். கேட்கிறவரிடம், "என் மேல் சந்தேகமா?" என்று கோபப்படாத மனசு, அது இரண்டையும் விட முக்கியமாக வேண்டும்.

உங்கள் கிளையின் கடைசி மூன்று மாத வரவு செலவு இப்போது யாருடைய கைப்பேசியில் இருக்கிறது? அதை அச்சடித்துக் கோயில் மண்டபச் சுவரில் ஒட்ட 30 காசுகூட ஆகாது. சண்டிகேசுவரர் சந்நிதிப் பக்கமாகவே ஒட்டுங்கள்.