ஏகமனது என்னும் மூடநம்பிக்கை

"போன தடவையும் இப்படித்தான் செய்தோம், ஒன்றும் ஆகவில்லையே." நம் அலுவலகங்களில் இதைவிட மரியாதை பெற்ற வாக்கியம் வேறு இருக்காது. ராகுகாலம் பார்ப்பவரைக் கண்டால் முகம் சுளிக்கும் படித்தவர்களே இதைச் சொல்கிறார்கள், கேட்டுத் தலையாட்டுகிறார்கள், தீர்மானப் புத்தகத்தில் ஏற்றிக் கையெழுத்தும் போடுகிறார்கள். ஆபத்து நேராமல் தப்பியதை ஆபத்தே இல்லை என்பதற்குச் சான்றாக எடுத்துக்கொள்வது மூடநம்பிக்கை. அதைக் குளிரூட்டிய அறையில் உட்கார்ந்து, வரைபடங்களோடு செய்தாலும் மூடநம்பிக்கைதான்.

அந்த வாக்கியம் என்ன செய்யும் என்பதற்கு 1986 ஜனவரி 27 இரவு நடந்த ஒரு தொலைபேசிக் கூட்டம் சாட்சி. புளோரிடாவில் கென்னடி விண்வெளி மையம், அலபாமாவில் நாசாவின் மார்ஷல் மையம், யூட்டாவில் பூஸ்டர் ராக்கெட்டுகளைச் செய்துகொடுத்த மார்டன் தயோகால் நிறுவனம் என மூன்று இடங்களிலும் ஆட்கள் இணைப்பில் இருந்தார்கள். மறுநாள் காலை சேலஞ்சர் விண்ணோடம் ஏழு பேருடன் கிளம்ப வேண்டும். அவர்களில் ஒருவர் பள்ளி ஆசிரியை கிறிஸ்டா மெக்காலிஃப். நாடெங்கும் பிள்ளைகள் வகுப்பறையில் தொலைக்காட்சி முன்னால் உட்காரப் போகிறார்கள். புளோரிடாவிலோ அன்றிரவு உறைநிலைக்கும் கீழே குளிரும் என்று முன்னறிவிப்பு.

தயோகால் பொறியாளர்களின் பயம் ஒரு ரப்பர் வளையத்தைப் பற்றியது. மெக்கானிக் கடைகளில் ஓ-ரிங் என்கிறோமே, அதேதான். ஆனால் பதினோரு மீட்டருக்கும் மேல் சுற்றளவு, தடிமன் சுமார் ஏழு மில்லிமீட்டர்தான். ராக்கெட் பற்றிக்கொள்ளும் கணத்தில் அதன் துண்டுகள் சேரும் இணைப்பு கொஞ்சம் விரியும். வளையம் அப்போதே பிதுங்கி அந்த இடைவெளியை அடைக்க வேண்டும். குளிரில் ரப்பர் விறைத்திருந்தால் அடைப்பதற்குள் நெருப்பு வெளியே வந்துவிடும். 1985 ஜனவரியில் சுமார் 12 டிகிரி செல்சியஸ் குளிரில் ஒரு விண்ணோடம் போய்வந்தது. கடலிலிருந்து மீட்ட பூஸ்டரைப் பிரித்துப் பார்த்தபோது இணைப்பில் இருக்கும் இரண்டு வளையங்களுக்கும் நடுவே கரி அப்பியிருந்தது. அதைப் பார்த்தவர்களில் ஒருவரான பொறியாளர் ரோஜர் போஷோலே, இதைச் சரிசெய்யாவிட்டால் உயிர்ப்பலி நேரும் என்று அந்த ஜூலையிலேயே மேலிடத்துக்கு எழுதிவிட்டார்.

12 டிகிரிக்குக் கீழே ஏவ வேண்டாம் என்பதே அன்றிரவு தயோகாலின் முதல் பரிந்துரை. மார்ஷல் அதிகாரிகளுக்கு அது பிடிக்கவில்லை. இந்தப் பரிந்துரையைக் கேட்டு அதிர்ந்துபோனேன் என்றார் ஒருவர். அப்படியானால் ஏப்ரல் வரை காத்திருக்கச் சொல்கிறீர்களா என்றார் இன்னொருவர். தங்களுக்குள் பேச ஐந்து நிமிடம் கேட்டு, யூட்டாவில் இருந்தவர்கள் இணைப்பின் ஒலியை நிறுத்தினார்கள். அந்த ஐந்து நிமிடம் அரை மணி நேரமாக நீண்டது.

அந்த அரை மணி நேரத்தைத்தான் உற்றுப் பார்க்க வேண்டும். ஆர்னி தாம்ப்சன் என்ற பொறியாளர் தன் இடத்தை விட்டு எழுந்துபோய், மேலாளர்கள் முன்னால் தாளை வைத்து இணைப்பின் படத்தை வரைந்து விளக்கினார். யாரும் கேட்கவில்லை என்று தெரிந்ததும் நிறுத்திவிட்டார். போஷோலே கரி படிந்த வளையங்களின் புகைப்படங்களை மேஜையில் வைத்து, இவற்றைப் பாருங்கள் என்று மன்றாடினார். பிறகு மூத்த நிர்வாகி ஜெரால்ட் மேசன், பொறியியல் துறைத் தலைவர் ராபர்ட் லண்டிடம், பொறியாளர் தொப்பியைக் கழற்றிவிட்டு நிர்வாகி தொப்பியைப் போட்டுக்கொள்ளச் சொன்னார். மேலாளர்கள் நால்வரிடம் மட்டும் கருத்துக் கேட்கப்பட்டது. பொறியாளர்களிடம் கேட்கவில்லை. ஏவலாம் என்று முடிவு மாறியது. மீண்டும் இணைப்பில் வந்ததும் வேறு கருத்து உண்டா என்று நாசா தரப்பில் கேட்டார்கள். யாரும் பேசவில்லை. புளோரிடாவில் இருந்த தயோகால் அதிகாரி ஆலன் மெக்டொனால்ட் கையெழுத்துப் போட மறுத்தார். யூட்டாவிலிருந்து வேறொருவர் போட்டு அனுப்பினார். இப்படி ஒரு தகராறு நடந்ததே நாசாவின் உச்ச அதிகாரிகளுக்குப் போய்ச் சேரவில்லை. ஏறப்போகிற ஏழு பேருக்கும் யாரும் சொல்லவில்லை.

மறுநாள் கிளம்பிய 73 நொடியில் சேலஞ்சர் சிதறியது.

அந்த அறையில் இருந்தவர்கள் கெட்டவர்களோ முட்டாள்களோ அல்ல. படிப்பும் அனுபவமும் நிறைந்தவர்கள். ஆனால் கேள்வியைத் தலைகீழாகப் புரட்டிவிட்டார்கள். பத்திரமானது என்று நிரூபித்தால்தான் ஏவலாம் என்பதே அதுவரை இருந்த நெறி. அன்றிரவு அது, ஆபத்தானது என்று நிரூபித்தால்தான் நிறுத்தலாம் என்று மாறியது. ராக்கெட் வேலை செய்யாது என்று தங்களால் முழுசாக நிரூபிக்க முடியவில்லை என்று லண்டே பின்னால் விசாரணை ஆணையத்திடம் சொன்னார். சந்தேகப்படுகிறவன் தலையில் நிரூபிக்கும் பாரத்தைச் சுமத்துவது ஒழுக்கக்கேடு என்றே நான் சொல்வேன். ஏனென்றால் பணமும் பதவியும் நேரமும் எதிர்த்தரப்பில் இருக்கின்றன. சந்தேகத்தின் கையில் இருந்தது கரி படிந்த சில படங்கள்.

இன்னொரு பிழை வரைபடத்தில் நடந்தது. வளையம் சேதமான பயணங்களை மட்டும் எடுத்து வெப்பநிலையோடு ஒப்பிட்டார்கள். 12 டிகிரியிலும் சேதம் இருந்தது, 24 டிகிரியிலும் இருந்தது. ஆகவே குளிருக்கும் சேதத்துக்கும் தொடர்பில்லை என்று வாதிட இடம் கிடைத்தது. சேதமே இல்லாத பயணங்களை யாரும் கணக்கில் சேர்க்கவில்லை. பலித்த ஜாதகங்களை மட்டும் எண்ணிக் காட்டும் ஜோதிடர் செய்வதும் இதுவே. பின்னால் ஆணையம் எல்லாப் பயணங்களையும் ஒரே படத்தில் குறித்துப் பார்த்தது. 18 டிகிரிக்குக் கீழே கிளம்பிய ஒவ்வொரு பயணத்திலும் சேதம். அதற்கு மேலே கிளம்பியவற்றில் பெரும்பாலானவை சேதமில்லாமல் திரும்பியிருந்தன.

ஆணையத்தில் இருந்த இயற்பியலாளர் ரிச்சர்ட் ஃபைன்மன், விண்ணோடம் அழியும் வாய்ப்பு எவ்வளவு என்று விசாரித்தார். நூற்றில் ஒன்று என்றார்கள் பொறியாளர்கள். லட்சத்தில் ஒன்று என்றது நிர்வாகம். ஒரே நிறுவனத்துக்குள் ஆயிரம் மடங்கு வித்தியாசம். உண்மை மேலே ஏற ஏறத் தேய்கிறது, நம்பிக்கை ஊதிப் பெருக்கிறது.

அமெரிக்கக் கதைதானே என்று தள்ளிவிட வேண்டாம். நான் சொல்வதையும் அப்படியே நம்பாதே, உன் அறிவைக் கொண்டு யோசி என்று மேடைதோறும் சொன்னவர் பெரியார். அவர் பேசித் திரிந்த மண்ணில்தான் கட்சிக் குழுக்களும் சங்கங்களும் கூடி, முடிவெடுக்கும் அதிகாரம் முழுவதையும் தலைவருக்கே அளித்து ஏகமனதாகத் தீர்மானம் போட்டுக் கலைகின்றன. சாமி கும்பிடுவதை விட்டவர்கள் 'ஆமாம் சாமி' போடுவதை விடவில்லை. ஐயா சொன்னால் சரியாகத்தான் இருக்கும், நமக்கெதுக்கு வம்பு என்று வாயை மூடிக்கொள்வதை அடக்கம் என்கிறோம். அந்த முடிவால் அடிபடப்போகிறவருக்கு அது துரோகம். மௌனம் சம்மதம் என்றால் விளைவிலும் அந்த மௌனத்துக்குப் பங்கு உண்டு.

பெரிய பங்கு நாற்காலியில் இருப்பவருக்குத்தான். யூட்டா பொறியாளர்கள் சொல்ல வேண்டியதையெல்லாம் சொன்ன பிறகே ஓய்ந்தார்கள். அவர்களில் ஒருவரான பாப் எபெலிங், இன்னும் கெட்டியாக வாதாடியிருக்கலாமே என்ற குற்ற உணர்வை முப்பது ஆண்டுகள், 2016-இல் இறக்கும் ஆண்டுவரை சுமந்தார். கேட்காதவர்களின் பிழையைச் சொன்னவர் சுமந்த அநியாயம் அது. அடுத்தவரைப் பார்த்து, நீ ஏன் அன்றே சொல்லவில்லை என்று கேட்கும் எந்த மேலதிகாரியும், சொன்னவனை அன்று தான் என்ன செய்தோம் என்பதற்கு முதலில் பதில் சொல்லட்டும்.

செய்யக்கூடியவை எளியவை. படை நீதிமன்றங்களில் பதவியில் இளையவரிடமிருந்து தொடங்கிக் கருத்துக் கேட்கும் பழைய வழக்கம் உண்டு. மூத்தவர் முதலில் வாயைத் திறந்தால் மற்றவர்கள் அதையே திருப்பிச் சொல்வார்கள் என்று அந்தக் காலத்திலேயே தெரிந்திருக்கிறது. கூட்டத்துக்கு முன்பே ஒவ்வொருவரும் தன் கருத்தை எழுதிக் கொடுக்கட்டும். தலைவர் கடைசியில் பேசட்டும். எதைக் காட்டினால் இந்தத் திட்டத்தை நிறுத்துவோம் என்று வேலை தொடங்கும் முன்பே எழுதி வைக்கட்டும். அதற்குப் பதில் இல்லை என்றால் அங்கே விவாதம் நடக்கவில்லை, வழிபாடு நடக்கிறது. மறுத்தவர் பெயரும் காரணமும் தீர்மானப் புத்தகத்தில் ஏறட்டும், அந்தத் தாள் முடிவின் பலனை அனுபவிக்கப் போகிறவர் கைக்கும் போகட்டும்.

இவற்றைச் சட்டமாக்கினால் மட்டும் போதாது என்பதையும் சேலஞ்சருக்குப் பிறகு நாசாவே காட்டியது. 2003 ஜனவரியில் கொலம்பியா விண்ணோடம் கிளம்பும்போது நுரைத் துண்டு ஒன்று பெயர்ந்து இடது இறக்கையில் மோதியது. சேதத்தைப் பார்க்க, விண்வெளியில் இருக்கும்போதே படம் எடுத்துத் தரும்படி பொறியாளர்கள் கேட்டார்கள். நிர்வாகம் அந்தக் கோரிக்கையை ரத்து செய்தது. நுரை விழுவது முன்பும் நடந்ததுதான், ஒன்றும் ஆனதில்லை. பிப்ரவரி 1 அன்று திரும்பி வரும்போது கல்பனா சாவ்லா உட்பட ஏழு பேரும் மாண்டார்கள். ஆபத்தை நிரூபிக்கும் பொறுப்பு இந்த முறையும் பொறியாளர்கள் தலையில்தான் விழுந்தது என்று விசாரணைக் குழு எழுதியது.

இப்படியெல்லாம் ஒவ்வொருவரையும் கேட்டுக்கொண்டிருந்தால் வேலை எப்போது முடியும் என்பார்கள். சேலஞ்சர் ஏற்கெனவே பலமுறை தள்ளிப்போயிருந்தது. இன்னும் ஒரு நாள் தள்ளிப்போடத்தான் அன்றிரவு அவர்களுக்கு மனம் வரவில்லை. அதன் பிறகு அடுத்த விண்ணோடம் கிளம்பியது 1988 செப்டம்பர் 29 அன்று. இரண்டு ஆண்டு எட்டு மாதம் தாமதம்.